க்ளாக் 19க்குப் பாலிஸ்டால்: இரண்டு ஆண்டுப் பயன்பாட்டுக்குப் பின் ஒரு மதிப்பீடு

ஹூஸ்டனில் கைத்துப்பாக்கி வைத்திருப்பவர் கரியைவிடக் காற்றுக்குத்தான் அதிகம் அஞ்ச வேண்டும். வளைகுடாக் கடலிலிருந்து வரும் ஈரம் ஆண்டின் பெரும்பகுதி வீட்டுக்குள்ளும் வெளியிலும் படிந்தே இருக்கிறது. துப்பாக்கியை இடுப்பில் அணிபவராக இருந்தால் வியர்வையின் உப்பும் அதனுடன் சேர்ந்துகொள்கிறது. இரண்டு ஆண்டுகளுக்கு முன் ஐந்தாம் தலைமுறை க்ளாக் 19 பிஸ்டல் ஒன்றை வாங்கியபோது, அதைத் துடைத்து எண்ணெயிடுவதற்கு எதை வாங்குவது என்பதில் நான் அதிகம் யோசிக்கவில்லை. இணையத்தில் மலிவாகக் கிடைத்த, பெயர் தெரியாத ஒரு பெட்டியை வாங்கினேன். மூன்றாம் முறை பயன்படுத்தியபோதே அதன் பிரஷ் தலை கழன்று குழலுக்குள் சிக்கிக்கொண்டது. அதனுடன் வந்த கரைப்பானின் நெடி, சன்னல்களைத் திறந்து வைத்த பிறகும் எங்கள் இரண்டு அறை அடுக்ககத்தை விட்டு இரவு வரை நீங்கவில்லை. கைக்குழந்தை இருக்கும் வீட்டில் இது சரிவராது என்று தோன்றிய பிறகே, சுடும் பயிற்சிக் களமான ரேஞ்சில் பழக்கமான ஒரு மூத்தவர் சொன்னபடி பாலிஸ்டால் என்ற எண்ணெயை வாங்கினேன். மாதம் ஒரு முறை 100 அல்லது 150 தோட்டாக்கள் சுட்டுவிட்டு வீட்டுக்கு வந்து துடைப்பவன் நான். போட்டிகளுக்குச் செல்பவன் அல்லன். இந்த மதிப்பீட்டை அந்த அளவுக்குள் வைத்தே வாசிக்க வேண்டும்.

பாலிஸ்டால் ஜெர்மனியில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்க ஆண்டுகளில் உருவான எண்ணெய். 1904 என்று அதன் பிறப்பாண்டைக் குறிப்பார்கள். துப்பாக்கியின் இரும்புக்கும், கட்டையின் மரத்துக்கும், வாரின் தோலுக்கும் ஒரே எண்ணெய் வேண்டும் என்று அன்றைய ஜெர்மன் படை கேட்டதற்காக கிளெவர் நிறுவனம் செய்து கொடுத்தது இது. எறிபொருளியலைக் குறிக்கும் சொல்லையும் எண்ணெயைக் குறிக்கும் லத்தீன் சொல்லையும் இணைத்தே பெயரைச் சூட்டினார்கள். அடிப்படையில் இது நன்கு தூய்மை செய்யப்பட்ட வெள்ளைக் கனிம எண்ணெய். ஒலியிக் அமிலமும் வேறு சில பொருள்களும் சேர்ந்திருக்கின்றன. இலேசான காரத்தன்மை உடையது என்பதால் வியர்வையும் வெடிமருந்துக் கழிவும் விட்டுச்செல்லும் புளிப்பை இது மட்டுப்படுத்துகிறது. நீருடன் கலந்தால் பிரிந்து மிதக்காமல் பால்போல் வெளுத்துக் கலங்குவதுதான் இதன் தனிக்குணம். நீர் ஆவியான பின் எண்ணெய் மட்டும் மெல்லிய படலமாக உலோகத்தின் மேல் தங்கிவிடுகிறது.

இந்தத் தனிக்குணத்துக்கு ஒரு காரணம் உண்டு. அந்தக் காலத்துத் தோட்டாக்களின் பிரைமர், அதாவது மருந்தைப் பற்றவைக்கும் அடிப்பகுதி, சுட்ட பிறகு குழலில் உப்பை விட்டுச்சென்றது. உப்பு எண்ணெயில் கரையாது, நீரில்தான் கரையும். நீரையும் ஏற்று, நீர் போன பின் துருவையும் தடுக்கும் எண்ணெய் அந்தப் படைவீரனுக்கு வரமாக இருந்திருக்கும். இன்றும் பழைய ராணுவத் துப்பாக்கிகளில் பழைய தோட்டாக்களைச் சுடுபவர்களும், கரும்பொடி மருந்தில் சுடுபவர்களும் இதை விடாமல் பிடித்துக்கொண்டிருப்பது அதனால்தான். ஆனால் இன்று கடையில் வாங்கும் 9 மில்லிமீட்டர் தோட்டாக்களின் பிரைமர் அப்படி உப்பு விடுவதில்லை. ஆகவே பாலிஸ்டாலின் புகழுக்குக் காரணமான குணங்களில் பாதி, க்ளாக் போன்ற பாலிமர் உடல் கொண்ட புதிய பிஸ்டலுக்குத் தேவையே இல்லை. மரக்கட்டையும் இல்லை, தோல் வாரும் இல்லை. என் துப்பாக்கி உறையான ஹோல்ஸ்டர்கூடக் கைடெக்ஸ் பிளாஸ்டிக்தான். இதை அறிந்துகொண்டு வாங்குவது நல்லது. 'எல்லாவற்றுக்கும் ஆகும்' என்ற டப்பா வாசகத்துக்காக வாங்க வேண்டாம்.

வாசனையைப் பற்றி விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனெனில் வீட்டில் துடைப்பவர்களுக்கு அது சிறிய விஷயம் அன்று. பாலிஸ்டாலுக்குச் சோம்பும் அதிமதுரமும் கலந்தது போன்ற ஒரு மணம் உண்டு. சிலருக்கு அது பிடிக்கிறது. சிலர் துவைக்காத காலுறையோடு ஒப்பிடுகிறார்கள். எனக்கு அது பிரியாணிக்குத் தாளிக்கும் நேரத்துச் சமையலறையை நினைவூட்டுகிறது, ஆனால் அந்த நினைவு அரை நிமிடத்தில் போய்விடுகிறது, மணமும் ஒரு மணி நேரத்தில் போய்விடுகிறது. இதற்கு எதிர்முனையில் நிற்பது ஹோப்பிஸ் நம்பர் 9. 1903 முதல் அமெரிக்கத் துப்பாக்கிக்காரர்களின் கொட்டகைகளில் மணந்துவரும் கரைப்பான் அது. தாத்தாவின் நினைவு என்று அதன் நெடியைக் கொண்டாடுபவர்கள் இங்கே ஏராளம். குழலில் படிந்த கரியைக் கரைப்பதில் அது பாலிஸ்டாலைவிட வேகமானது என்பதில் எனக்கு ஐயமில்லை. காற்றோட்டமுள்ள தனிக் கொட்டகையோ வாகன அறையோ வைத்திருப்பவர்களுக்கு அதுவே போதும். அடுக்கக வீட்டின் உணவு மேசையருகே அதைத் திறப்பது குடும்ப அமைதிக்கு உகந்ததன்று.

இனி நான் எப்படித் துடைக்கிறேன் என்பதைச் சொன்னால்தான் எண்ணெயின் திறனை மதிப்பிட முடியும். எந்த எண்ணெயைப் பற்றிப் பேசுவதற்கும் முன்னால் தோட்டாவைப் பற்றிப் பேச வேண்டும். முதலில் தோட்டாக்கள் அடுக்கிய மேகசினைக் கழற்ற வேண்டும். அதன் பின்னரே துப்பாக்கியின் மேல்பகுதியான ஸ்லைடை இழுத்துத் தோட்டா அறையைக் காலியாக்க வேண்டும். வரிசை மாறி, மேகசின் உள்ளே இருக்கும்போதே ஸ்லைடை இழுத்துவிட்டால், ஒரு தோட்டா வெளியே தெறித்து விழும், அதைக் கண்டு காலியாகிவிட்டது என்று மனம் நம்பும், ஆனால் அடுத்த தோட்டா அறைக்குள் ஏறியிருக்கும். இது மற்ற எந்த பிஸ்டலிலும் ஆபத்து என்றால் க்ளாக்கில் இருமடங்கு ஆபத்து. ஏனெனில் இதன் ஸ்லைடைக் கழற்றுவதற்கு முன், சுடுவதற்கு விரலால் இழுக்கும் விசையை ஒரு முறை இழுத்தே ஆக வேண்டும். ஸ்மித் அண்ட் வெஸ்ஸன் எம் அண்ட் பி வகையில் விசையைத் தொடாமலே கழற்றுவதற்கு உள்ளே ஒரு சிறு நெம்புகோல் வைத்திருக்கிறார்கள். க்ளாக்கில் அந்த வசதி இல்லை. ஆகவே ஸ்லைடைப் பின்னால் பூட்டி, கண்ணால் ஒரு முறை பார்த்து, சுண்டுவிரலை அறைக்குள் விட்டு ஒரு முறை தடவிப் பார்த்து, மீண்டும் ஒரு முறை கண்ணால் பார்த்த பிறகே, குண்டைத் தாங்கக்கூடிய திசையில் குழல்வாயை வைத்து விசையை இழுக்கிறேன். தோட்டாக்களும் நிரப்பிய மேகசின்களும் அந்த நேரத்தில் வேறு அறையில் இருக்கும். துடைக்கும் இடத்தில் ஒரு தோட்டாகூட இருக்கக் கூடாது. இதைக் கேட்டுக் கேலி செய்த நண்பர் ஒருவர் உண்டு. அவருக்காகவும் சேர்த்தே இதை நீட்டிச் சொல்கிறேன்.

விசையை இழுத்த பின் ஸ்லைடை ஒரு 3 மில்லிமீட்டர் அளவுக்குப் பின்னால் இழுத்துப் பிடித்து, கைப்பிடியுள்ள கீழ்ப்பகுதியான பிரேமின் இரு பக்கமும் உள்ள பூட்டுச் சில்லை ஒருசேரக் கீழே இறக்கினால் ஸ்லைடு முன்பக்கமாகக் கழன்று வந்துவிடும். அதற்கு மேல் அதிகமாக இழுத்துவிட்டால் விசை மீண்டும் முன்னால் வந்துவிடும், எல்லாவற்றையும் முதலிலிருந்து செய்ய நேரும். புதியவர்கள் எல்லோரும் இங்கேதான் பொறுமை இழக்கிறார்கள். பிறகு ஸ்பிரிங்கை வெளியே எடுத்துக் குழலைத் தூக்கிவிட்டால், ஸ்லைடு, குழல், ஸ்பிரிங், பிரேம் என நான்கு துண்டுகள். வீட்டில் துடைப்பதற்கு இதற்கு மேல் பிரிக்கத் தேவையில்லை.

குழலுக்கு என் முறை எளியது. பழைய பருத்தி வேட்டியைச் சிறு சதுரங்களாக வெட்டி வைத்திருக்கிறேன்; கடையில் விற்கும் துணித்துண்டுகளைவிட இவை உறிஞ்சும், நூலும் உதிர்வதில்லை. பாலிஸ்டாலில் நனைத்த ஒரு துண்டைப் பின்பக்கத்திலிருந்து, அதாவது தோட்டா அறைப் பக்கத்திலிருந்து, முன்பக்கமாகத் தள்ளிவிட்டுப் பத்து நிமிடம் ஊற விடுகிறேன். பிறகு வெண்கல பிரஷ்ஷை முழுவதுமாக மறுமுனை வரை விட்டு எடுக்கிறேன். குழலுக்குள்ளேயே திசை மாற்றினால் இழைகள் வளைந்து பிரஷ் விரைவில் பாழாகும். அதன் பின் உலர்ந்த துண்டுகள், கறுப்பு சாம்பல் நிறமாகி, சாம்பல் வெளுத்து வரும் வரை. 150 தோட்டா சுட்ட குழலுக்கு எனக்கு ஐந்தாறு துண்டுகள் ஆகின்றன. ஹோப்பிஸ் பயன்படுத்தினால் இதில் ஒன்றிரண்டு குறையலாம். துண்டில் நீலப்பச்சைக் கறை தெரிந்தால் குண்டின் உறையிலிருந்து குழலில் படிந்த செப்பு கரைந்து வருகிறது என்று பலர் மகிழ்வதைப் பார்த்திருக்கிறேன். வெண்கல பிரஷ்ஷும் செப்புக் கலவைதான் என்பதால் அந்தக் கறை பல நேரம் பிரஷ்ஷிலிருந்தே வருகிறது.

செப்புப் படிவை விரைந்து எடுப்பதற்கான மருந்து அன்று பாலிஸ்டால். தொலைதூரக் குறிக்குச் சுடும் ரைஃபிள்காரருக்கு இது பெரிய குறை. 10 கஜத்தில் தாள் குறிக்குச் சுடும் என் போன்றவனுக்கு இது குறையே அன்று. அந்தத் தூரத்தில் குழலில் படிந்த செப்பால் ஏற்படும் வேறுபாட்டை என் கையின் நடுக்கம் முழுவதுமாக மறைத்துவிடும். குழலைக் கண்ணாடிபோல் மின்ன வைக்க வேண்டும் என்று ஒவ்வொரு வாரமும் தேய்ப்பவர்களைப் பற்றி எனக்கு ஒரு கருத்து உண்டு: அவர்கள் துப்பாக்கிக்காக அன்றித் தங்கள் மன நிறைவுக்காகத் தேய்க்கிறார்கள். அதில் தவறில்லை, ஆனால் அதைப் பராமரிப்பு என்று சொல்ல வேண்டியதில்லை.

ஸ்லைடின் உட்புறத்தில், குறிப்பாகத் தோட்டாவின் அடியைத் தாங்கும் தட்டிலும், சுட்ட தோட்டாவின் கூட்டை இழுத்தெடுக்கும் கொக்கியின் அடியிலும், கரி இறுகிப் படிகிறது. இங்கே பாலிஸ்டால் நன்றாக வேலை செய்கிறது; நைலான் பிரஷ்ஷில் சிறிது தொட்டுத் தேய்த்தால் கரி குழம்பாகி வந்துவிடுகிறது. ஆனால் இந்த இடத்தைத் தேய்க்கும்போது ஸ்லைடைக் குழல்வாய்ப் பக்கம் கீழாகச் சாய்த்துப் பிடிக்க வேண்டும். தட்டின் நடுவே உள்ள சிறு துளை வழியாக எண்ணெய் ஃபயரிங் பின் செல்லும் குழிக்குள் இறங்கிவிட்டால், அங்கே கரியும் தூளும் சேர்ந்து சேறாகி, பின்னின் அடியை மெதுவாக்கி, பிரைமரைச் சரியாகத் தட்ட விடாமல் செய்யும். அந்தக் குழி உலர்ந்தே இருக்க வேண்டும் என்பது க்ளாக் நிறுவனத்தின் அறிவுறுத்தலும்கூட. மேகசின்களுக்கும் இதே விதிதான்: துணியால் துடைக்கலாம், எண்ணெய் கூடாது. எண்ணெய் தோட்டாவின் பிரைமருக்குள் ஊடுருவினால் அது சுடாமல் போக வாய்ப்புண்டு. பாலிஸ்டால் ஊடுருவும் தன்மை மிக்கது என்பதால் இங்கே கூடுதல் கவனம் தேவை.

புதிய க்ளாக்கை வாங்கியவர்கள் ஸ்லைடின் உள்ளே செம்பு நிறத்தில் பசை போன்ற ஒன்றைக் கண்டு அழுக்கென்று நினைத்துத் துடைத்துவிடுவதுண்டு. அது நிறுவனமே இட்டு அனுப்பும் மசகு. தொடக்க காலத்தில் பாகங்கள் ஒன்றோடொன்று பழகுவதற்காக அதை அப்படியே விட்டுவிட வேண்டும். இதை நான் முதல் நாளிலேயே துடைத்தெறிந்த பிறகு கையேட்டில் படித்தேன் என்பதையும் ஒப்புக்கொள்கிறேன்.

எண்ணெயிடுதல் என்று வரும்போது, இந்த பிஸ்டல் கேட்பது சில துளிகள்தான். எங்கே இடுவது என்பதற்கு வரைபடம் தேவையில்லை. சில நூறு தோட்டாக்கள் சுட்ட பிறகு, உராய்ந்து உராய்ந்து எங்கெல்லாம் பளபளப்பு ஏறியிருக்கிறதோ அங்கெல்லாம் எண்ணெய் வேண்டும் என்று துப்பாக்கியே காட்டிக்கொடுத்துவிடும். குழலின் வாயருகே வெளிப்புறத்தில் ஒரு வளையம், தோட்டா அறையின் மேற்பரப்பு, குழலின் அடியில் உள்ள திமில், ஸ்லைடின் இருபுற வெட்டுகள், இவற்றில் விரல்நுனியால் ஒரு மெல்லிய பூச்சு. எல்லாவற்றையும்விட முக்கியமானது பிரேமின் பின்பக்க வலது மூலையில், விசைத்தண்டும் கனெக்டர் என்ற சிறு தகடும் உரசும் இடம். அங்கே ஒரே ஒரு துளி. அந்தத் துளியை மறந்துவிட்டு மற்ற எல்லா இடத்திலும் வழிய வழிய ஊற்றுபவர்களை ரேஞ்சில் பார்க்கிறேன். அம்மா தையல் இயந்திரத்துக்கு எண்ணெய் விடும்போது ஒவ்வொரு துளையிலும் ஒரு துளி விட்டு, பிறகு ஒரு கந்தல் துணியை இரண்டு முறை தைத்துப் பார்த்து மிகுந்த எண்ணெயை எடுத்துவிடுவார். புதுத்துணியில் கறை படியக் கூடாது என்பது அவருடைய அச்சம். துப்பாக்கியில் மிகுந்த எண்ணெய் எரியாத மருந்துத் தூளைப் பிடித்துவைத்து, சாணைபிடிக்கும் பசை போலாகி, காக்க வேண்டிய உலோகத்தையே தேய்க்கும்.

இந்த இடத்தில் பாலிஸ்டாலின் உண்மையான வரம்பு தெரிகிறது. இது நீர்த்த எண்ணெய். தடவிய அன்று வழுவழுப்பாக இருக்கும். இடுப்பில் அணிந்து சில வாரம் கழித்துப் பார்த்தால் ஸ்லைடின் வெட்டுகளில் ஈரப்பசை மட்டுமே மிஞ்சியிருக்கும். மாதம் ஒரு முறை துடைப்பவருக்கு இது போதும். ஒரே நாளில் 400, 500 தோட்டாக்கள் சுடும் பயிற்சி வகுப்புக்குச் செல்பவருக்கு, வெப்பத்தில் ஓடிவிடாத கனமான எண்ணெயோ சிறிது கிரீஸோ வேண்டும். அப்படி ஒரு நாள் எனக்கும் அமைந்தபோது, வகுப்புக்கு முந்தைய இரவு ஸ்லைடின் வெட்டுகளில் மட்டும் செயற்கை மசகு ஒன்றைத் தடவிக்கொண்டேன். மற்ற இடங்களில் வழக்கம்போல் பாலிஸ்டால். துடைத்தல், உயவிடல், காத்தல் மூன்றையும் ஒரே திரவத்தில் செய்யும் சிஎல்பி வகை எண்ணெய்கள் இந்த உயவில் பாலிஸ்டாலைவிட ஒரு படி மேல் என்பது என் எண்ணம். அமெரிக்க ராணுவம் அதற்கெனத் தனித் தரவரையறையே வைத்திருக்கிறது; பிரேக் ஃப்ரீ அவ்வகையில் பரவலாக அறியப்பட்ட பெயர். ஒரே பாட்டில்தான் வாங்குவேன், துருவைவிட உராய்வே என் கவலை என்பவர்கள் அதை வாங்கலாம். எல்லோர் வீட்டிலும் இருக்கும் டபிள்யூடி-40ஐப் பற்றியும் கேட்பார்கள். நீரை விரட்டுவதற்காகப் பிறந்த திரவம் அது, நனைந்த துப்பாக்கியை உலர்த்த உதவும், நிலையான மசகாக அதை நம்புவதற்கில்லை.

துரு காப்பில்தான் பாலிஸ்டால் எனக்குத் தன் விலையைத் திருப்பித் தந்தது. ஸ்லைடின் கறுப்புப் பூச்சு தானாகவே துருவை நன்கு எதிர்க்கும். அதற்கு எந்த எண்ணெயும் பெரிய உதவி செய்ததாகச் சொல்ல முடியாது. ஆனால் பூச்சில்லாத சிறு எஃகுப் பாகங்களும், நான் பின்னர் மாற்றிய எஃகுக் குறிமுள்ளும், ஆகஸ்டு மாத வியர்வையில் புள்ளி புள்ளியாகச் செம்மை காட்டத் தொடங்கியிருந்தன. வாரம் ஒரு முறை, கழற்றாமலே, பாலிஸ்டால் தொட்ட துணியால் வெளிப்புறத்தைத் துடைத்துவரத் தொடங்கிய பின் அந்தப் புள்ளிகள் பரவவில்லை. பாலிமர் பிரேமில் மங்கலோ வெளுப்போ இந்த இரண்டு ஆண்டில் தெரியவில்லை.

கை கழுவுவதைப் பற்றி எண்ணெய்க் கம்பெனிகள் பெரிதாக எழுதுவதில்லை. பாலிஸ்டால் மென்மையானது என்பது உண்மை. ஆனால் துணியில் கறுப்பாக வருவது எண்ணெய் அன்று, ஈயம் கலந்த கரி. பெரும்பாலான பிரைமர்களில் ஈயச் சேர்மம் உண்டு, தோட்டாவின் உள்ளேயும் ஈயம் உண்டு. எண்ணெய் எவ்வளவு சாதுவாக இருந்தாலும் நைட்ரைல் கையுறை அணியாமல் நான் தொடுவதில்லை. உணவு மேசையில் துடைப்பதில்லை. தரையில் பழைய நாளிதழ் விரித்து, அதன் மேல் ரப்பர் விரிப்பு போட்டு, முடிந்ததும் துணித்துண்டுகளை அந்த நாளிதழிலேயே சுருட்டிப் பையிலிட்டுக் கட்டிவிடுகிறேன். பிறகு சோப்பு போட்டுக் கையும் முகமும் கழுவி, ரேஞ்சுக்கு அணிந்து சென்ற சட்டையைக் குழந்தையின் துணிகளோடு சேர்க்காமல் தனியாகத் துவைக்கிறோம்.

மீண்டும் பூட்டிய பின், காலியாக இருப்பதை இன்னொரு முறை உறுதிசெய்துகொண்டு, ஸ்லைடை இழுத்து விட்டு, பாதுகாப்பான திசையில் விசையை அழுத்தினால் 'டிக்' என்று விழ வேண்டும். விசையை அழுத்தியபடியே ஸ்லைடை மீண்டும் இழுத்து விட்டு, விரலை மெல்லத் தளர்த்தினால் விசை முன்னே வந்து அமரும் ஒலி கேட்க வேண்டும். இந்த இரண்டு ஒலிகளும் கேட்ட பிறகே பெட்டகத்துக்குள் போகும்.

பாலிஸ்டால் இங்கே இரண்டு வடிவில் கிடைக்கிறது: அழுத்த வாயு நிரப்பிய தெளிப்பான், வாயு இல்லாத 16 அவுன்ஸ் திரவ டப்பா. தெளிப்பானை வாங்க வேண்டாம் என்பேன். எந்தத் தெளிப்பானிலும் ஒரு துளி கேட்டால் ஒரு கரண்டி வருகிறது, ஃபயரிங் பின் குழிக்குள் எண்ணெய் போவதும் பெரும்பாலும் அப்படித்தான்; தீப்பற்றும் வாயு என்பதால் அடுப்பெரியும் வீட்டுக்குள் அடிக்கவும் முடியாது. திரவ டப்பாவை வாங்கி, ஊசிமுனை கொண்ட சிறு பிளாஸ்டிக் புட்டி ஒன்றில் நிரப்பி வைத்துக்கொள்ளலாம். இரண்டு ஆண்டில் என் டப்பாவில் பாதிகூடக் குறையவில்லை. நிறத்தில் அது சமையல் எண்ணெயை ஒத்திருப்பதால் புட்டியின் மேல் தடித்த எழுத்தில் பெயர் எழுதி ஒட்டி, துப்பாக்கிப் பெட்டகத்துக்குள்ளேயே வைத்துப் பூட்டுகிறேன்.